நிலாவின் மேல் ஒரு கை

முதலில் நினைவுக்கு வருவது பசை வாசனைதான். மைதாவும் மயில்துத்தமும் போட்டுக் காய்ச்சிய பசை... அதன்மேல் சுடும் பல்புகளின் வெக்கை.

திருவண்ணாமலை கான்வென்டில் நான் படித்தபோது, வெளிநாட்டிலிருந்து வந்த ஒரு சிஸ்டர் எங்கள் நால்வரை வைத்து ஒரு கார்ட்டூன் படம் எடுத்தார். மேசைமேல் அட்டையில் வெட்டிய மலை, மான். மேலே கேமரா. மானின் காலை இம்மியளவு நகர்த்த வேண்டும், கையை எடுக்க வேண்டும், ஒரு க்ளிக். மறுபடியும் நகர்த்த வேண்டும்.

கையை எடுக்க எப்போதும் தாமதிப்பவள் வசந்தா. அடி அண்ணாமலை கிராமத்திலிருந்து வருவாள். சின்ன வயதில் கதவிடுக்கில் மாட்டியதில் சுண்டுவிரல் நுனி போயிருந்தது.

"ஏய், கையை எடுடி!" என்று கத்துவோம்.

"மானுக்குக் கால் வலிக்கும்டி, மெதுவாத்தான் வைப்பேன்."

படம் முடிவதற்குள், லீவில், மஞ்சள்காமாலையில் போய்விட்டாள். மலைக்குப் பின்னால் நிலா ஏறும் கடைசிக் காட்சியை நாங்கள் மூவர்தான் எடுத்தோம். அன்று யாரும் கத்தவில்லை.

ஹாலில் திரையிட்டபோது, நிலா ஏறும் இடத்தில் ஏதோ சட்டென்று தெரிந்து மறைந்தது. முன்வரிசையில் ஒரு பொடிசு, "யாருக்கா அது?" என்றது. நாங்கள் மூவரும் கண்ணை மூடிக்கொண்டோம். அதைப் பற்றிப் பிறகு பேசவேயில்லை.

சமீபத்தில் பள்ளியில் அந்த பிலிம் சுருள் கிடைத்தது. மறந்துபோன கார்ட்டூன் படங்களைச் சேர்த்துவைக்கும் ஒரு இணைய நூலகத்துக்கு நானே அனுப்பிவைத்தேன். படத்தைச் சுத்தம் செய்யும் பெண் போன் செய்தாள்.

"மேடம், நிலா சீன்ல ஒரே ஒரு ஃப்ரேம்ல யாரோட கையோ வந்துடுச்சு. எடுத்துடட்டுமா?"

அந்த ஃப்ரேமை அனுப்பச் சொன்னேன். நிலாவின் மேல் ஒரு சிறிய கை. சுண்டுவிரலுக்கு நுனி இல்லை.

மூவரில் ஒருத்தியான பிலோமினாவைக் கூப்பிட்டேன்.

"லீவுக்கு முன்னாடியே எடுத்திருப்போம்டி. உனக்கு வயசாயிடுச்சு."

"உனக்கு என்னைவிட ஜாஸ்தி. நிலாவை வெட்டினதே நான். லீவு முடிஞ்சு வந்துதான் வெட்டினேன்."

"பயமா இருக்கு, வச்சிடறேன்டி."

என் ஞாபகத்தில் பிழை கண்டவர் கிடையாது. என் கணவரே அதை ஒப்புக்கொண்டுதான் போய்ச் சேர்ந்தார். ஆனாலும் இதற்கு என்னிடம் விளக்கம் இல்லை. வசந்தாவுக்கு ஒரு போட்டோகூட எடுத்ததில்லை என்பது மட்டும் தெரியும். இந்தக் கையை அழித்தால் அவள் இருந்ததற்கு வேறு அடையாளம் எதுவும் இல்லை.

சுத்தம் செய்யும் பெண்ணைத் திரும்பக் கூப்பிட்டு, "கையை எடுக்காதேம்மா" என்றேன்.

"தப்பு மாதிரி தெரியுமே, மேடம்?"

"தெரியட்டும்."

இப்போது படம் நூலகத்தில் இருக்கிறது. நீங்களும் பார்க்கலாம். அன்று கண்ணை மூடிக்கொண்ட இடத்தில் இன்று படத்தை நிறுத்திவைக்கிறேன். சுருக்கம் விழுந்த என் விரல் திரையைத் தொட்டதும் நிலா நின்றுவிடுகிறது...

அவளும் கையை எடுப்பதில்லை.