யோசுவா எழும்பும்வரை

குன்னத்துகாலில் எங்கள் சபையின் ஞாயிறு பள்ளியில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லுகிறவள் ஷிஜி. மற்ற நாட்களில் வீட்டில் யூனிபாரம் தைப்பாள். சொந்தப் பிள்ளை கிடையாது. அந்த வகுப்புதான் அவளுக்கு எல்லாம்.

வசனம் மறந்தால்கூட விட்டுவிடுவாள். மரியாதை மறந்தால் விடமாட்டாள். "வசனம் நாளைக்கும் படிக்கலாம் மக்கா. ஒரு மனுசனுக்க மனசு நொந்துட்டுண்ணா பின்ன என்ன செய்யிது?" என்பாள்.

எங்கள் பக்கத்தில் கல்யாணமானாலும் சபையின் அசன விருந்தானாலும் ஒரு வழக்கம் உண்டு. தின்கிறவன் முதுகுக்குப் பின்னால் அடுத்த ஆள் வந்து நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நிற்பான். சோறு இறங்குமா? அப்படி நிற்கவே கூடாது, பக்கத்து இலைக்காரர் முடிக்காமல் எழும்பவும் கூடாது என்று ஷிஜி பிள்ளைகளைப் பழக்கினாள்.

போன வருடம் அதனால் பந்தி தாமதமாகிவிட்டது. செயலாளர் சத்தியதாஸ் கறாராகச் சொல்லிவிட்டார். "அடுத்த அசனத்திலயும் பந்தி நின்னா, வகுப்ப விமலகுமாரி டீச்சருக்குக் குடுத்திருவேன், பாத்துக்க."

இந்த அசனத்துக்கு யோசுவா வந்தார். வாதம் வந்து வலது கை விழுந்தவர். இடது கையால் ஸ்பூன் பிடித்து மெதுவாகத் தின்பார். பின்னால் ஆள் நிற்குமே என்றுதான் இத்தனை காலம் வராமலிருந்தார். ஷிஜி வீட்டுக்கே போய் அழைத்திருந்தாள். பிள்ளைகள் அவருக்கு இரண்டு பக்கமும் இருந்தார்கள்.

மற்ற வரிசைகள் எழும்பிவிட்டன. யோசுவாவின் இலையில் பாதிச் சோறு கிடக்கிறது. பரிமாற வந்த நான் சாம்பார் வாளியோடு நிற்கிறேன். கூட்டம் நெருக்கியது. சத்தியதாஸ் வந்து யோசுவாவின் நாற்காலியில் கை வைத்தார்.

"எலே, தின்னாச்சில்லா? எழும்புங்க."

பிள்ளைகள் ஷிஜியைப் பார்த்தார்கள். ஒரு கண்சாடை போதும், வகுப்பு தப்பியிருக்கும். யோசுவா ஸ்பூனைக் கீழே வைத்தார்.

"எனக்கு மதி, போதும் மக்களே."

"இல்ல மாமா, நீங்க தின்னுங்க," என்றாள் ஷிஜி. "பிள்ளியளே, இரிங்க."

ஜிபின் என்ற பொடியன் சத்தியதாஸைத் திரும்பிப் பார்த்தான். "கசேரயிலேருந்து கைய எடுங்க. மாமனுக்கு சோறு இறங்காது." பிறகு ஷிஜி பழக்கியது ஞாபகம் வந்து, "பிளீஸ்" என்றான்.

"பிளீஸ் சொல்லியாச்சு, இனி எடுக்காம இரிக்க முடியுமா?" என்று கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள்.

சத்தியதாஸ் கையை எடுத்தார். பின்னால் நின்றவர்களைத் தள்ளி நிற்கச் சொல்லிக் கத்தினார். அப்புறம் என்மேல் பாய்ந்தார். "நீ என்னத்தலே பாத்துட்டு நிக்க? அண்ணனுக்கு சாம்பார ஊத்து."

யோசுவா பாயசம் இரண்டாவது தடவையும் கேட்டு வாங்கினார். பந்தி தாமதம்தான். வகுப்பைப் பற்றிச் சத்தியதாஸ் பிறகு வாய் திறக்கவில்லை.

அடுத்த ஞாயிறு ஷிஜி முதலில் பிடித்தது ஜிபினைத்தான். "பெரிய ஆளுககிட்ட பிளீஸ முதல்ல சொல்லணும் மக்கா. கடைசியில இல்ல."