நிற்காத பேருந்தைப் படமெடுத்த கதை

கடலூர் முதுநகர் நிறுத்தத்தில் மீன்கூடையோடு பெண்கள் நின்றால் சில பேருந்துகள் நிற்பதே இல்லை. நிற்கிற ஒன்றிரண்டும், நாறுகிறது என்று சொல்லிக் கூடையை இறக்கச் சொல்லும். இதை ஆவணப்படமாக எடுக்கக் கிளம்பினேன். இதைவிட எளிதான வேலை இருக்காது என்று நினைத்தேன். என் புத்தியை என்ன சொல்ல!

தேவனாம்பட்டினத்து அக்கா ஒருவர் ஒப்புக்கொண்டார். துறைமுகத்தில் மீனை ஏலத்தில் எடுத்து, சிதம்பரத்தில் தெருத்தெருவாக விற்பவர். "வெயில் ஏறிடுச்சின்னா மீனு கொழகொழன்னு ஆயிடும் தம்பி. அப்புறம் பாதி வெலைக்குதான் கேப்பாங்க. இவனுங்க பண்றத நல்லா எடு" என்றார்.

முதல் நாள், கேமராவை ஸ்டாண்டில் மாட்டி முடிப்பதற்குள் ஒரு தனியார் பேருந்து பதவிசாக ஓரங்கட்டி நின்றது. நடத்துநர் குதித்து இறங்கினார். "வாங்கக்கா, பாத்து ஏறுங்க" என்று தானே கூடையைத் தூக்கி வைத்தார். பிறகு தலைமுடியைக் கோதிக்கொண்டு, "எந்த டிவி சார்?" என்று என்னிடம் கேட்டார். அக்காவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

மறுநாளும் அதே உபசாரம். மூன்றாம் நாள் பின்னால் வந்த பேருந்து முன்னால் வந்ததை முந்திக்கொண்டு வந்து நின்றது.

கேமராவை அறையில் வைத்துவிட்டு, அடுத்த நாள் எதிர்ப்பக்க டீக்கடையில் ஒளிந்துகொண்டு கைப்பேசியில் எடுத்தேன். அன்றைக்கு எல்லாப் பேருந்துகளும் பறந்தன. அக்கா கையைக் காட்டிக் காட்டி ஓய்ந்துபோனார். வெயில் சுள்ளென்று அடித்த பிறகுதான் ஒன்று நின்றது. அதைக்கூட ஒரு லாரி குறுக்கே வந்து மறைத்துவிட்டது.

சென்னைக்குத் திரும்பி அதைப் படத்தொகுப்பாளரிடம் காட்டினேன். "இதுல என்ன சார் இருக்கு? பஸ் போவுது, ஒரு அம்மா நிக்கிறாங்க. வண்டி ஃபுல்லா இருந்திருக்கலாம்ல?" என்றார். அவரை நான்கு சாத்து சாத்தலாம் போல இருந்தது. ஆனால் அவர் கேட்டதில் தப்பில்லை. நடத்துநர் கூடை தூக்கும் காட்சிதான் துல்லியமாக வந்திருந்தது. அதைப் பார்க்கிறவர்கள் அந்த ஆளுக்கு மாலை போடுவார்கள்.

இன்னொரு தடவை முயன்று பார்க்கலாம் என்று, அடுத்த வாரம் சிதம்பரத்தில் அக்காவைத் தேடிப் போனேன். பேருந்து நிலையத்துக்குப் பின்னால் ஒரு தெருவில் உட்கார்ந்திருந்தார். மதியமாகியும் கூடையில் பாதிக்கு மேல் மீன் கிடந்தது. நான் விஷயத்தைச் சொன்னதும் கையை ஆட்டி நிறுத்தினார்.

"ஒளிஞ்சி எடுக்கறதெல்லாம் வேணாம் தம்பி. படமே எடுக்க வேணாம். அந்தப் பொட்டிய மட்டும் தெனமும் காலையில தூக்கியாந்து எம் பக்கத்துல நில்லு. அது ஓடலன்னாகூட பரவால்ல."

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

"நெசமாத்தான் கேக்குறேன், வருவியா?"

கேமரா வாடகைக்கு எடுத்தது, போன வாரமே திருப்பிக் கொடுத்தாயிற்று என்பதை அவரிடம் எந்த வாயால் சொல்வது?