இடைவேளைக்குப் பிறகு வேறு முகம்

எனக்கு மிகப் பிடித்த படத்தில் கதாநாயகன் இடைவேளைக்குப் பிறகு வேறு ஆளாகிவிடுவார். முதல் பாதியில் மெலிந்த தபால்காரர். மனைவி இறந்ததும் தடித்த, மீசை வைத்த பொலிஸ்காரர். பள்ளிக்கூடக் காலத்தில் உம்மா வாங்கித் தந்த இரண்டு டிஸ்க்குகளில் அதைப் பார்த்து அழுதேன். துக்கம் ஒரு மனிதனின் முகத்தையே மாற்றிவிட்டது! வேலையும் மாறியிருந்தது. அது நடக்கக்கூடியதுதானே. படம் எடுத்தால் இப்படித்தான் எடுக்க வேண்டும் என்று அன்றே முடிவு செய்தேன்.

போன வருடம் அம்பிட்டியவில் என் முதல் குறும்படத்தை எடுத்தேன். கதாநாயகனாக நடித்தவர் குண்டசாலையில் குடியிருக்கும் யாழ்ப்பாணத்து வங்கி அதிகாரி. பாதி முடிந்ததும், மீதியில் அவருடைய பாத்திரத்தைப் புசல்லாவையிலிருந்து வந்த த்ரீவீல் டிரைவர் செய்வார் என்று சொன்னேன்.

"அப்ப நான் சாகிறனோ?"

"இல்ல சேர். அவரும் நீங்கதான். கவலையில முகம் மாறுது."

வங்கி அதிகாரி டிரைவரை மேலும் கீழும் பார்த்தார். "இவ்வளவுக்கோ?"

"வேணும்னா மீசைய எடுத்துடுறேங்க" என்றார் டிரைவர்.

"எடுக்க வேணாம். மீசைதான் கவலை" என்றேன்.

நம்பவைப்பதற்காக இருவரையும் வீட்டுக்கு அழைத்து அந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். முடிந்ததும் வங்கி அதிகாரி இரண்டு டிஸ்க்குகளையும் வெளிச்சத்தில் பிடித்து, மேலே பொடியாக அச்சிட்டிருந்ததை வாசித்தார்.

"தம்பி, இது ரெண்டு படம். கடைக்காரன் மாறிப் போட்டிட்டான்."

நானும் வாங்கி வாசித்தேன்; இரண்டிலும் வேறு வேறு படப் பெயர்கள். டிரைவர் கேட்டார்: "அப்ப அந்தத் தபால்காரரு என்னங்க ஆனாரு?"

யாருக்கும் தெரியவில்லை. மிச்சத்தைத் தேடிப் பார்க்க எனக்கு இன்றுவரை மனம் வரவில்லை.

அடுத்த நாள், திட்டமிட்டபடியே டிரைவரை வைத்துப் படப்பிடிப்பைத் தொடர்ந்தேன். எனக்கு வேறு மாதிரி எடுக்கத் தெரியாது. வங்கி அதிகாரியும் வந்து, தன்னைப் போல நடக்க டிரைவருக்குச் சொல்லிக்கொடுத்தார். டிரைவர் தன் நடையையே நடந்தார்.

கண்டி நகரில் ஒரு சிறு மண்டபத்தில் படத்தைத் திரையிட்டோம். இரண்டாம் பாதியில் வங்கி அதிகாரியின் மனைவி கண்ணைத் துடைத்துக்கொண்டார். விளக்குகள் எரிந்ததும் கணவரின் பக்கம் திரும்பினார்.

"முதல் கொஞ்சம் விறைப்பா இருந்தனீங்கள். பிறகு நல்லாச் செய்திருக்கிறியள்."

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்து, "ஓம்" என்று மட்டும் சொன்னார்.

பின்வரிசையிலிருந்து டிரைவர் எழுந்து, "ரொம்ப நன்றிங்க மேடம்" என்றார்.