துடக்குக் காத்தவரின் வாக்கு

கதிர்காமநாதனுக்குப் பொய் சொல்ல வராது என்று ஒக்லண்ட் டாக்ஸிக்காரர்கள் சொல்வார்கள். அவர்களுக்கென்ன தெரியும்? மனுசன் கட்டின மனைவியிடம் ஒரு வருடமாக ஒரே பொய்யைக் காப்பாற்றிக்கொண்டிருந்தார்.

தொண்ணூற்றாறில் கொழும்பிலிருந்து ஒரு தொலைபேசி வந்தது. யாழ்ப்பாணத்து இடப்பெயர்வில் காணாமற்போன மூத்த மகன் யசீகரன் ஷெல் பட்டு முடிந்துவிட்டான், கூட நடந்தவர்களே புதைத்தார்கள் என்றது அந்தக் குரல். மனைவி அன்னபாக்கியம் அப்போது வேலைக்குப் போயிருந்தாள். பிள்ளை ஏதோ முகாமில் இருக்கிறான் என்று வெள்ளிக்கிழமைதோறும் விரதம் பிடிக்கிறவளிடம் இதை எந்த வாயால் சொல்வது? அவர் சொல்லவில்லை.

ஆனால் பெற்ற மகனுக்குத் துடக்கு, அதாவது சாவுத் தீட்டு, காக்காமல் இருக்கவும் மனம் கேட்கவில்லை. நாரிப்பிடிப்பு, இடுப்பை அசைக்க ஏலாது என்று சொல்லி, முப்பத்தொரு நாளும் கோயில் பூசைக்குப் போகாமல் ஒக்லண்டின் பாபடோயிட்டோய்ப் பகுதியில் இருந்த வீட்டிலேயே கிடந்தார். அந்த நாட்களில்தான் டாக்ஸிக் கூட்டுறவுச் சங்கத்தின் ஆண்டுக் கூட்டமும் வந்தது. துடக்குக்காரன் சபையேறுவதா? அவர் போகவில்லை. காரணம் தெரிந்தவர் ஒருவர்தான்: அவரைச் சங்கத்தில் சேர்த்துவிட்ட மலேசியத் தமிழர் மோகனதாஸ்.

பிறகு நடந்த தேர்தலில் மோகனதாஸ் ஒரே ஒரு வாக்கால் தலைவரானார். பழைய தலைவரோ விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டவில்லை என்கிற ரகம்; நேரே வழக்குப் போட்டார். ஆண்டுக் கூட்டத்துக்கு வராதவருக்கு வாக்கில்லை, கதிர்காமநாதன் வராமலே வாக்குப் போட்டிருக்கிறார், ஆகவே தேர்தலே செல்லாது என்றார். நோய்க்கும் குடும்பத்தில் சாவுக்கும் மட்டும் விதியில் விலக்கு இருந்தது. இல்லாத நாரிப்பிடிப்புக்கு எந்த டாக்டர் கடிதம் தருவார்?

மோகனதாஸ், கதிர்காமநாதனின் வீட்டு வாசலில் காரை நிறுத்தி, உள்ளே வராமல் காருக்குள்ளேயே வைத்துப் பேசினார்.

"அண்ணே, உள்ளதைச் சொன்னா போதும் லா. கேஸ் அன்னைக்கே முடிஞ்சிடும்."

"சொன்னா நாளைக்கே அவளின்ர காதுக்கு வந்திடும், தாஸ். தாங்க மாட்டாள்."

"என்னைக்காவது தெரியத்தானே வேணும்?"

கதிர்காமநாதன் கார்க் கதவைத் திறந்து இறங்கினார். மோகனதாஸ் நல்ல மனிதர். அதற்குமேல் வற்புறுத்தவில்லை, தானாக யாரிடமும் வாய் திறக்கவுமில்லை. அந்த நல்லதனம்தான் கதிர்காமநாதனின் நெஞ்சை அறுத்தது.

தொண்ணூற்றேழு ஜூனில், மழைநாளொன்றில், நீதிமன்றத்தில் கையுயர்த்திச் சத்தியம் செய்தார். கூட்டம் நடந்த காலத்தில் குடும்பத்தில் யாராவது இறந்தார்களா என்று வக்கீல் கேட்டார். கதிர்காமநாதன் மோகனதாஸைப் பார்த்தார். மோகனதாஸ் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஒருவரும் இல்லை" என்றார்.

பெற்ற பிள்ளையை, மண்ணுக்குள் போனவனை, சாகவில்லை என்று சத்தியம் பண்ணிவிட்டு அந்த மனிதர் எப்படித்தான் நின்றாரோ! அவருடைய வாக்குச் செல்லாது, தேர்தலும் செல்லாது என்று தீர்ப்பு வந்தது. மோகனதாஸ் மழையில் இறங்கிப் போனார்.

வீட்டுக்கு வந்தபோது அன்னபாக்கியம் வாசற்கதவில் நின்றாள்.

"என்ன கேட்டவை?"

"எங்கட குடும்பத்தில ஆரும் செத்ததோ எண்டு கேட்டவை."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"இல்லையெண்டு சொன்னன்."

"சத்தியம் பண்ணியோ?"

"ஓம்."

 உள்ளே போகக் கால் எடுத்து வைத்தவரைக் கைநீட்டித் தடுத்தாள்.

"உள்ளுக்கு வராதேங்கோ. பின்பக்கத்துக் குழாயில முழுகிப்போட்டு வாங்கோ."

சுடலைக்குப் போய் வந்தவர்களுக்குத்தான் வீட்டுப் பெண்கள் அப்படிச் சொல்வார்கள். 

"பாக்கியம்... உமக்கு எப்ப தெரியும்?"

அவள் துவாயை அவர் தோளில் போட்டாள். அவர் பின்பக்கம் போய், போட்டிருந்த கோட்டோடு குழாயடியில் குந்தினார். தண்ணீர் தலையில் விழுந்த சத்தத்துக்கு மேலாக, ஒரு வருடமாக அடக்கிவைத்த குரல் வீட்டுக்குள்ளிருந்து எழுந்தது.

"ஐயோ, என்ர யசீ!"