பதினேழாம் நாள் சூப்

போன சனிக்கிழமை பகல், ஒரு ஜப்பான் சாப்பாட்டுக்கடையின் கழுவறைக்குள் கதவைப் பூட்டிக்கொண்டு அழுதேன்.

பயப்படாதீர்கள். வீட்டுக்காரருக்கு ஒன்றும் ஆகவில்லை. அவருடைய நெஞ்சு ஒப்பரேஷன் வருகிற திங்கட்கிழமைதான். நான் அழுதது ஒரு வாய் சூப்புக்காக.

சூப்புக்கு யாராவது அழுவார்களா? சொல்கிறேன்... கேளுங்கள்.

ஒப்பரேஷனுக்கு நாள் குறித்துக் கடிதம் வந்த அன்றே, இந்த முறை கேதார கௌரி விரதம் பிடிப்பது என்று முடிவு செய்தேன். இருபத்தொரு நாள். பகலில் ஒரு நேரச் சாப்பாடு. மீன், இறைச்சி, முட்டை வாயில் படக்கூடாது. கடைசி நாள் தீபாவளி. அன்று கோயிலில் காப்புக் கட்டி, அவருடைய கையிலும் ஒன்றைக் கட்டி, அந்தக் கையோடு அவரை ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வேண்டும். எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றுபோனவள் நான். டொக்டர் படம் கீறி விளங்கப்படுத்தியதில் பாதி எனக்கு விளங்கவில்லை. எனக்குத் தெரிந்த வைத்தியம் இது ஒன்றுதான். இடையில் ஒரு நாள் விரதம் பிழையாகிப் போனாலும் திரும்பத் தொடங்க நேரமில்லை.

அப்படிப்பட்டவள் ஜப்பான் சாப்பாட்டுக்கடைக்கு எதற்குப் போனாள்?

மகள் ஆரணி செய்த வேலை. எங்கள் கல்யாண நாளுக்குப் பரிசென்று கோடைகாலத்திலேயே ஒரு சாப்பாட்டுச் சுற்றுலாவைப் பதிந்து வைத்துவிட்டாள். ஏழு பேர் கொண்ட சின்னக் குழு. ஒரு ஜப்பான் பெண் கூட்டிக்கொண்டு போவாள். நடந்து நடந்து சாப்பிடுவது, அந்தத் தெருக்களின் கதையையும் கேட்பது. அப்போது அவருடைய நெஞ்சு நல்லாயிருந்தது. அல்லது நல்லாயிருக்கிறது என்று நாங்கள் நினைத்துக்கொண்டிருந்தோம்.

"நான் நாலு படி ஏறினாலே மூச்சு வாங்குது. நீ போ," என்றார் அவர். "போய்ச் சாப்பிட்டிட்டு வந்து ஒண்டும் விடாமச் சொல்லு."

"விரதத்தோடயோ?"

"சைவமா இருக்கிறதைச் சாப்பிடன். ஜப்பான்காரர் புத்த சமயம். விரதமெண்டா அவைக்கு விளங்கும்."

"இலங்கையிலயும் புத்த சமயம்தான் இருந்தது," என்றேன்.

மனிதர் சிரித்தார். சிரித்ததில் இருமல் வந்தது. இருமல் நிற்கும்வரை முதுகைத் தடவிக்கொண்டு நின்றேன். அதன் பிறகு போகமாட்டேன் என்று சொல்ல வாய் வரவில்லை. மகள் போன் எடுத்து, "அம்மா மீன், இறைச்சி, முட்டை ஒண்டும் சாப்பிடமாட்டா," என்று அவர்களுக்குச் சொல்லிவிட்டாள். என்னுடைய ஒரு நேரச் சாப்பாட்டை அங்கேயே வைத்துக்கொள்ளலாம் என்று நானும் புறப்பட்டேன்.

மொன் றோயல் மெத்ரோ ரயில் நிலைய வாசலில் சிவப்புக் குடையைப் பிடித்துக்கொண்டு நின்றாள் எங்களைக் கூட்டிக்கொண்டு போக வந்த கேய்கோ. முப்பது வயது இருக்கும். என் நெற்றியில் இருந்த திருநீற்றைப் பார்த்ததுமே என் பெயரைச் சொல்லிக் கும்பிட்டாள். அவள் பேசியது பிரெஞ்சும் ஆங்கிலமும் கலந்து. எனக்கு விளங்கியபடிதான் இதில் எழுதுகிறேன், பிழையிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

குழுவில் நாலு மாணவர்கள், எழுபது தாண்டிய மடாம் லூசி என்ற பிரெஞ்சு பேசும் கெபெக்காரி, நான். மடாம் லூசி தடியூன்றி நடந்தாலும் எங்களுக்கு முன்னால்தான் நடந்தார்.

பதினாறு வருடமாக இந்த ஊரில் இருக்கிறேன். நாங்கள் குடியிருக்கும் பார்க் எக்ஸ்டென்ஷனில் இருந்து பஸ் எடுத்து எத்தனை தரம் அந்தப் பக்கம் போயிருப்பேன்? எல்லாம் பஸ் ஜன்னலால் பார்த்ததுதான். வீட்டுக்கு வெளியே வளைந்து வளைந்து ஏறும் இரும்புப் படிகளை அன்றைக்குத்தான் நின்று பார்த்தேன். மேப்பிள் இலை படியெல்லாம் கொட்டிக் கிடந்தது. தான் முதன்முதலில் வந்து குடியிருந்த மூன்றாம் மாடியைக் கேய்கோ காட்டினாள். பனிக்காலத்தில் அந்தப் படியில் சறுக்கி அரிசிச் சாக்கோடு கீழே வந்தாளாம். "அரிசி முழுதும் தப்பிவிட்டது," என்றாள். அரிசியைத்தான் முதலில் பார்த்திருக்கிறாள். எனக்கு அவளை அப்போதே பிடித்துவிட்டது.

முதல் கடையில் ஒரு இனிப்பு. அரிசி மாவுக்குள்ளே சிவப்புப் பயறும் சர்க்கரையும். பிள்ளையார் கண்டால் கையை நீட்டியிருப்பார். ஒரு நேரச் சாப்பாடு என்பதால் நான் சாப்பிடவில்லை. என் பங்கையும் மடாம் லூசிக்கே கொடுத்தேன். அவர் மறுக்கவில்லை.

அடுத்ததுதான் அந்தக் கடை. தெருவில் இருந்து நாலு படி இறங்க வேண்டும். நீளமான ஒரு மேசை, எட்டுக் கதிரை. அந்தப் பக்கம் வெள்ளைத் தொப்பியோடு சாத்தோ என்ற முதலாளி. அவரே சமையல்காரர், அவரே பரிமாறுகிறவர்.

மற்றவர்களின் கோப்பையில் மீன் துண்டு. என் கோப்பையில் தோஃபு என்ற சோயாக் கட்டி, கீரை, காளான், தடித்த நூடில்ஸ். சாத்தோ அதை இரண்டு கையாலும் ஏந்தி என் முன்னால் வைத்தார். "உங்களுக்காகத் தனியாகச் செய்தார்," என்றாள் கேய்கோ.

நமசிவாய என்று மனதில் சொல்லி ஒரு வாய் குடித்தேன்.

ஆகா... என்ன ருசி. இளம்சூடு நெஞ்சுவரை போனது.

இரண்டாவது வாய்க்குக் கோப்பையைத் தூக்கியபோதுதான் மூக்கு விழித்துக்கொண்டது. நான் திருகோணமலையில் பிறந்தவள். சூரை மீனை அவித்து, புகை போட்டு, விறகுத்துண்டு மாதிரிக் காய வைப்பார்களே, மாசிக் கருவாடு... அது எங்கே ஒளிந்திருந்தாலும் எனக்குத் தெரியும். தேங்காய்ச் சம்பலில் இடித்துப் போட்ட கையல்லவா இது?

"இதுக்குள்ள மீன் இருக்கா?" என்று கேய்கோவிடம் கேட்டேன்.

அவள் சாத்தோவைக் கேட்டாள். அவர் தலையாட்டினார். இல்லை, மீன் இல்லை, மரக்கறி மட்டும்தான். பிறகு அவருடைய கண் அடுப்பிலிருந்த பானைக்குப் போனது. அப்படியே நின்றுவிட்டார். மெதுவாக ஒரு பொட்டலத்தை எடுத்து மேசையில் வைத்தார். மரம் சீவிய சுருள்போல இளஞ்சிவப்பாய் ஏதோ. எடுத்துப் பார்க்கத் தேவையில்லை. மாசியேதான். சீவியிருந்தார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். சூப்புக்கான தண்ணீரே அதில் ஊறிய தண்ணீர்தான்.

பதினேழாம் நாள்.

கோப்பையை வைத்துவிட்டுக் கழுவறைக்குள் போனேன். வாயைக் கொப்பளித்தேன். எத்தனை தரம் கொப்பளித்தால் என்ன, விழுங்கியதைத் திருப்பி எடுக்க முடியுமா? அவருடைய மூச்சு வாங்கும் சத்தம்தான் காதுக்குள் கேட்டது.

தடியால் கதவைத் தட்டிக்கொண்டு வந்தது மடாம் லூசி. "மடாம், சா வா?" சுகமா என்று கேட்டார்.

கதவைத் திறந்தேன். எனக்குத் தெரிந்த பிரெஞ்சையெல்லாம் கொட்டினேன். புருஷன், நெஞ்சு, ஒப்பரேஷன், இருபத்தொரு நாள், மீன். அவருக்கு என்ன விளங்கியிருக்கும்? கடைசியில் "ப்ரொமெஸ்" என்ற சொல்லைத் தேடிப்பிடித்துச் சொன்னேன். நேர்த்திக்கடன் என்று சொல்ல வேறு சொல் எனக்குத் தெரியவில்லை.

மனுஷியின் முகம் மாறியது. தன்னுடைய அம்மா, மகன் பிழைக்க வேண்டுமென்று சூசையப்பர் கோயில் படிகளை முழங்காலால் ஏறியவராம். பாதிப் படியில் முழங்கால் கிழிந்து இரத்தம் வந்ததாம். "நடந்து ஏறு என்று எல்லோரும் சொன்னார்கள். அம்மா கேட்கவில்லை," என்றார்.

என் கையைப் பிடித்து வெளியே கூட்டிக்கொண்டு வந்தார். தன்னுடைய சாப்பாட்டுக் குச்சிகளைக் கோப்பைக்கு மேலே குறுக்காக வைத்தார். "இவருக்குச் சாப்பாடு வரும்வரை நான் சாப்பிடமாட்டேன்."

நாலு மாணவர்களும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பசிக்கிற வயது. ஒவ்வொருவராகக் குச்சியை வைத்தார்கள்.

சாத்தோ என் முன்னால் வந்து குனிந்தார். நெற்றி மேசையில் முட்டும் அளவுக்குக் குனிந்தார். அவர் சொன்னதைக் கேய்கோ சொன்னாள்: "நாற்பது வருடமாக நான் அதைத் தண்ணீர் என்றுதான் நினைத்தேன். மீன் என்று ஒருநாளும் நினைத்ததில்லை."

புதிய பானையைக் கழுவி அடுப்பில் வைத்தார். கடற்பாசித் துண்டும் காய்ந்த காளானும் போட்டார். அரை மணிநேரம் வேண்டுமாம். அடுத்த கடைக்குப் போக நேரம் போதாது என்று கேய்கோ மெல்லச் சொன்னாள். "அது போகட்டும்," என்றார்கள் எல்லோரும். அவர்களுடைய நூடில்ஸ் ஊதிப் பெருத்துக்கொண்டே இருந்தது. முன்பின் தெரியாத ஐந்து பேர், என் புருஷனின் நெஞ்சுக்காக ஆறிய சூப்பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். இதற்கு நான் எந்த மொழியில் நன்றி சொல்வது? மெர்சி, மெர்சி என்று அதையே சொல்லிக்கொண்டிருந்தேன்.

புதுச் சூப் வந்தது. குடித்தேன். விரதகாரி பொய் சொல்லக்கூடாது... மாசி போட்டதுதான் ருசி.

வீட்டுக்கு வந்து அவருக்கு ஒன்றும் விடாமல் சொன்னேன். கேட்டு முடித்துவிட்டு, "இப்ப நீ எனக்காக அழுதனியோ, உன்ர விரதத்துக்காக அழுதனியோ?" என்றார்.

"ரெண்டும் ஒண்டுதான்."

"என்ர நெஞ்சு ஒரு வாய் சூப்பில நிண்டிடாதப்பா."

"அது உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

கோயிலுக்குப் போன் எடுத்து ஐயரைக் கேட்டேன். "தெரியாமப் பட்டதை அம்பாள் குற்றமா எடுக்கமாட்டா. விடாமப் பிடியுங்கோ அம்மா," என்றார்.

தெரியாமல் பட்டது. அந்தச் சொல்தான் என்னை அன்றிரவு தூங்கவிடவில்லை. ஏன் தெரியுமா? இதுவரை உங்களுக்கு நான் எழுதாத ஒன்று இருக்கிறது.

எங்கள் கட்டடத்தில் மேல்மாடியில் ஹன்சா பென் என்ற குஜராத்திப் பெண் இருக்கிறார். பென் என்றால் அவர்கள் பாஷையில் சகோதரி. பிறந்ததிலிருந்து சைவம். நாங்கள் இந்தக் கட்டடத்துக்குக் குடிவந்த புதிதில் சம்பல் இடித்தால் அவருக்கும் ஒரு கிண்ணம் கொடுப்பேன். "மீன் இல்லைத்தானே?" என்று கேட்டபோது, இல்லை என்று சத்தியம் பண்ணாத குறையாகச் சொன்னேன். தேங்காய், மிளகாய், வெங்காயம், தேசிக்காய்ப் புளி. மாசி என் கணக்கில் மீனே இல்லை. உப்புப் போல அதுவும் ஒன்று. இரண்டு வருடம் விரும்பிச் சாப்பிட்டார்.

பிறகு ஒருநாள் மாசியை இடித்துக்கொண்டிருக்கும்போதுதான் உறைத்தது. உலக்கை கையிலேயே நின்றுவிட்டது. அன்றைக்கே போய்ச் சொல்லியிருக்க வேண்டும். சொன்னேனா? இல்லை. அடுத்தமுறை மாசி போடாமல் கொடுத்தேன். "இந்த முறை ருசி குறைவு பென்," என்றார். சிரித்துக்கொண்டு நின்றேன்.

சாத்தோவுக்குத் தெரிந்த நிமிடமே பொட்டலத்தைத் தூக்கி மேசையில் வைத்தார். நான் ஒன்பது வருடமாக ஒளித்து வைத்திருக்கிறேன். இந்த வாயோடு அம்பாளிடம் போய், தெரியாமல் நடந்ததை மன்னித்துக்கொள், அவரைத் திருப்பித் தா என்று கேட்பதா?

ஞாயிறு காலை மேலே ஏறினேன். வாசலில் நின்றே சொன்னேன். சூப்புக் கதை, சம்பல் கதை, அவருடைய ஒப்பரேஷன், எல்லாம். ஹன்சா பென் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கதவு மெதுவாகச் சாத்திக்கொண்டது.

கொஞ்ச நேரம் அந்தக் கதவுக்கு முன்னால் நின்றுவிட்டு இறங்கினேன். ஆனால் அன்று மாலை விளக்கேற்றும்போது அம்பாளின் முகத்தை நேரே பார்த்தேன்.

இன்று திங்கள், பத்தொன்பதாம் நாள். பகல் பன்னிரண்டுக்குக் கதவு தட்டும் சத்தம். ஹன்சா பென். கையில் எவர்சில்வர் டப்பா. முகத்தில் சிரிப்பில்லை.

"ரெண்டு வருஷம்," என்று இரண்டு விரலை என் முகத்துக்கு நேரே காட்டினார்.

நான் தலைகுனிந்தேன்.

"உன் விரதம் முடியும்வரை உன் சாப்பாடு என் வீட்டிலிருந்து வரும். என் சமையலறையில் மீனும் இல்லை, மீன் தண்ணீரும் இல்லை." டப்பாவை என் கையில் திணித்தார். பிறகு எட்டி உள்ளே பார்த்து, கதிரையில் இருந்த அவரைப் பார்த்து மட்டும் சிரித்தார். "பாய், நல்லா இருங்கள்," என்று அண்ணன் முறை வைத்துச் சொன்னார்.

அவர் கும்பிட்டார்.

டப்பாவைத் திறந்தேன். ரொட்டி, பருப்பு, உருளைக்கிழங்கு.

முகர்ந்து பார்க்காமல் சாப்பிட்டேன்.