கால்வாய்க் கரையிலிருந்து கந்தல் வெட்டும் கூடம்வரை

அப்பா காருக்கு எண்ணெய் மாற்றிக்கொண்டிருந்தபோதுதான் இந்தப் பயணம் மனதில் விழுந்தது. நகரத்தின் மேற்குப் புறநகரான டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் எங்கள் வீட்டுக் கராஜ். நான் கதவோரம் நின்று பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தேன்: அமெரிக்கத் தெற்கின் பருத்தித் தோட்டங்கள், அங்கே விலைக்கு வாங்கி விற்கப்பட்ட மனிதர்கள், அவர்கள் பறித்த பருத்தியால் கொழுத்த வங்கிகள், கப்பல்கள், ஆலைகள். அப்பா ஒரு பெட்டியிலிருந்து வெள்ளைச் சீலைத்துண்டை உருவிக் கை துடைத்தார். 'நூறு வீதம் பருத்தி' என்ற பட்டி அதன் ஓரத்தில் இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது.

"இது எங்கையப்பா வாங்கினது?"

"சென்ட் லோரன்டிலை. பழைய ரீசேட்டுகளை எங்கடை சனம்தான் வெட்டி விக்குது. ஏன், கார் துடைக்கப் போறியோ?"

"இல்லை, போய்ப் பாக்கப் போறன்."

"கந்தலைப் பாக்கிறதுக்கோ நான் யூனிவர்சிற்றிக்குக் காசு கட்டுறன்?"

எனக்கோ கால் நிலத்தில் நிற்கவில்லை. இந்த நகரில் பருத்தி நூலான இடத்தையும் அது கந்தலாகி முடிகிற இடத்தையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம்! இரண்டுக்கும் ஒரே மெற்றோப் பாதை.

ஒக்டோபர் கடைசிச் செவ்வாய் புறப்பட்டேன். பஸ்ஸுக்கும் மெற்றோவுக்கும் சேர்த்து மூன்று டொலர் எழுபத்தைந்து சதம். கோட்-வேர்ட்டு நிலையத்தில் செம்மஞ்சள் பாதையில் ஏறி பிளாஸ்-சென்-ஆன்றியில் இறங்கினால், கால்வாய் ஒரு கிலோமீற்றருக்கும் கொஞ்சம் குறைவு.

பத்து மணிக்குக் கால்வாய்க்கரையிலிருந்த பழைய பருத்தி ஆலையின் முன் நின்றேன். நீண்ட செங்கல் கட்டடம். இப்போது உள்ளே ஓவியக் கூடங்களும் அலுவலகங்களும். படம் எடுக்கும் ஆசையில் திறந்திருந்த பக்கக் கதவால் நுழைந்துவிட்டேன். நடைபாதையில் ஆளில்லை. உத்தரத்தில் பழைய இரும்புச் சக்கரம் ஒன்று தொங்கியது. பின்னால் கதவு தானாக மூடிக்கொண்டது. தள்ளினேன், திறக்கவில்லை. இழுத்தேன், அப்போதும் இல்லை. அரை நிமிடம்தான். அதற்குள் இரண்டு தரம் கதவைத் தட்டிவிட்டேன். நாயோடு வந்த ஒரு பெண் சுவரிலிருந்த பொத்தானை அழுத்தி, "போன்ஜூர்" என்று சிரித்துவிட்டுப் போனார்.

வெளியே வந்து தண்ணீரைப் பார்த்தபடி நின்றேன். இந்த ஆலை எழுந்தபோது தெற்கில் அடிமைமுறை சட்டப்படி முடிந்திருந்தது. ஆனால் பருத்தி அதே வயல்களிலிருந்துதான் வந்தது. விடுதலை பெற்றவர்களில் பெரும்பாலோருக்குச் சொந்தமாக நிலமில்லை. குத்தகையும் கடனும் அவர்களை அங்கேயே கட்டிப்போட்டன. யாரும் அவர்களுக்கு உரிமையாளர் இல்லை, ஆனால் அவர்களால் விட்டுப்போகவும் முடியவில்லை. புத்தகத்தில் இந்த வரியைக் கோடிட்டு வைத்திருந்தேன். அன்று பின்னேரம் அதை ஒரு மனிதரின் வாயால் கேட்பேன் என்று நினைக்கவில்லை.

வந்த பாதையிலேயே திரும்பி, சென்ட் லோரன்டில் பண்டகசாலைகள் மட்டுமே உள்ள ஒரு வீதியில் இறங்கினேன். வீதியின் பெயரை எழுதப்போவதில்லை. இங்கே வரும் பெயர்களும் மாற்றியவை.

இரும்புக் கதவு, அதற்கு மேலே கமெரா. மணி அடித்தேன். சீலை வாங்க வந்த வாடிக்கையாளராக நடிப்பது என் திட்டம். உள்ளே கூரை முட்டப் பழைய ரீசேட்டுச் சட்டைகளின் பொதிகள். காற்றில் மிதந்த பஞ்சுத்தூசி தொண்டையில் ஒட்டியது. சுழலும் தகடுகளின் முன் ஏழெட்டுப் பேர் கழுத்துப்பட்டியையும் பொத்தானையும் அரிந்து வீசிக்கொண்டிருந்தார்கள். யாரும் நிமிரவில்லை. பத்துக் கிலோ வெள்ளை முப்பது டொலர், நிறச்சீலை இருபது.

மேற்பார்வை செய்யும் ராசன் அண்ணை ஓடிவந்து கதிரை போட்டார், தேத்தண்ணி தந்தார். தானும் அகதியாய் வந்து இதே மேசையில் வெட்டியவர்தானாம். பிறகு கேட்டார், எங்கள் ஆட்கள் எல்லோரும் கேட்பதுபோல:

"பிள்ளை எந்த ஊர்? ஆற்றை மகள்?"

பெயரையும் வேலையையும் மாற்றிச் சொல்லத் தயாராகத்தான் போயிருந்தேன். ஆனால் இந்தக் கேள்விக்குப் பொய் சொல்ல நாங்கள் யாரும் பழகவில்லை. நடக்கத் தொடங்கிய நாளிலிருந்து ஒவ்வொரு சாமத்தியவீட்டிலும் கல்யாணவீட்டிலும் இதற்கு மறுமொழி சொல்லியே வளர்ந்தோம். வாய் தானாகச் சொன்னது: "கொக்குவில். சிவபாலன்ரை மகள்."

"அட, எங்கடை சிவபாலன்ரையோ! யூனிவர்சிற்றியிலை படிக்கிற பிள்ளையெல்லோ?" சிரிப்பு மாறவில்லை. கண் மட்டும் என் தோளில் தொங்கிய கமெராவுக்குப் போய்த் திரும்பியது. "அப்பாட்டைக் காசு வாங்கேலாது. சுதன், இந்தச் சீலைப் பையைத் தங்கச்சிக்கு பஸ் வரைக்கும் தூக்கிக் குடு."

சுதன் மட்டக்களப்புப் பக்கத்துக்காரர், முப்பது வயதிருக்கும். இடது கையால் பையைத் தூக்கினார். வலது கையில் ரீசேட்டுத் துண்டால் கட்டு. கதவுக் கமெராவைத் தாண்டும்வரை அவர் வாய் திறக்கவில்லை.

"கையிலை என்ன அண்ணை?"

"தகடு இழுத்திட்டு. ரெண்டு விரல்."

கட்டுக்கு மேலே மணிக்கட்டுவரை சிவந்து வீங்கியிருந்தது. கிட்டப்போனால் சீழ் மணம் வந்தது.

"ஆசுப்பத்திரிக்குப் போகேல்லையே?"

"வீட்டிலை மரக்கறி வெட்டக்குள்ள பட்டதெண்டு சொல்லச் சொல்றாங்க. வேலையிலை எண்டு சொன்னா பெர்மிற் போயிடுமாம். பாஸ்போட்டும் ஒபிசிலதான். கவனமா வைச்சிருக்காங்களாம்." சிரிக்கப் பார்த்தார். "என்ட பெர்மிற்றிலை இந்த ஒரு முதலாளிட பேர்தான் இருக்கு, புள்ள. வேற இடத்தில வேலை செய்ய ஏலா."

நான் படபடவென்று பேசத் தொடங்கினேன். பருத்தித் தோட்டம், அடிமைகள், அவர்களை வேலை வாங்க அவர்களுக்குள்ளிருந்தே நிறுத்தப்பட்ட ஒருவன், தேயிலை மலைகளுக்குச் சொந்த ஊர்ச் சனத்தையே கூட்டிப்போன கங்காணி... அவர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"என்னை அடிமை எண்டு எழுதிப்போடாதீங்க. என்னை ஆரும் விக்கல்ல. சம்பளம் வருது, மனிசிக்கு அனுப்புறன். விட்டிட்டுப் போகத்தான் ஏலா."

அந்த வரிதான். காலையில் தண்ணீருக்கு முன்னால் நின்று நினைத்த அதே வரி.

துன்புறுத்தப்படும் தொழிலாளர் வேறு முதலாளியிடம் போவதற்கென்றே ஒரு அனுமதி இந்த நாட்டில் உண்டு, விண்ணப்பிக்கலாம், நானே கூட்டிக்கொண்டு போவேன் என்றேன்.

"தராட்டி?"

பஸ் தூரத்தில் தெரிந்தது.

"ஞாயிறு ராசன் அண்ணை எங்களை வான்ல ஏத்திக் கோயிலுக்குக் கொண்டுவாறவர்," என்றார் சுதன் அவசரமாக. "மடைப்பள்ளியில மரக்கறி வெட்டுவம். குப்பையைப் பின்கதவால நான்தான் கொண்டுபோடுற. கையில குப்பைப் பையோட வெளிய வந்தனெண்டா உங்களோட வாறன். வராட்டி நீங்க போங்க, திருப்பித் தேட வேணாம். என்ட ஊர்ப்பேரையும் எழுதாதீங்க."

பஸ்ஸில் பையை மடியில் வைத்துக்கொண்டிருந்தேன். அத்தனையும் வெட்டித் தோய்த்த வெள்ளைச் சீலை. ஒவ்வொன்றாகப் புரட்டி எதைத் தேடினேன் என்று எனக்குத்தான் தெரியும். ஒன்றிலும் இரத்தக் கறை இருக்கவில்லை. அதுவும் ஆறுதலாக இல்லை.

வீட்டுக்குள் நுழையும்போதே அப்பா தொலைபேசியை மேசையில் வைத்துக்கொண்டிருந்தார். முகத்தில் பெருமை.

"ராசன் எடுத்தவன். நல்ல கெட்டிக்காரப் பிள்ளை எண்டான். ஞாயிறு உன்னைக் கட்டாயம் கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு வரட்டாம், கதைக்கவேணுமாம். என்ன பிள்ளை, முகம் வெளிறிப்போய் நிக்கிறாய்?"

தோட்டங்களைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஒரு கேள்வி வரும்: வேலி இல்லாத இடத்தில் ஏன் ஓடவில்லை? இனி அப்படிக் கேட்கமாட்டேன். எங்கள் வீட்டிலும் வேலி இல்லை. யாருடைய மகள் என்று ஒரு மனிதருக்குத் தெரிந்துவிட்டது, அவ்வளவுதான். அதற்கே அன்றிரவு என்னால் சாப்பிட முடியவில்லை. சுதனுக்கோ ஊரும் மனைவியும் பாஸ்போட்டும் சேர்த்து அவர்கள் கையில்.

இது உங்கள் கைக்கு வரும்போது அந்த ஞாயிறு கடந்திருக்கும். எழுதும்போது எனக்கு முன்னால்தான் இருக்கிறது. அப்பாவிடம் நேற்று எல்லாவற்றையும் சொன்னேன். "விரல் எவ்வளவு வீங்கியிருக்கு?" என்று மட்டும் கேட்டார். ராசன் அண்ணையை முன்மண்டபத்தில் கதைத்து நிறுத்துவது அவர் பொறுப்பு. என்னோடு படிக்கும் தோழி தன் காரை மடைப்பள்ளிப் பின்கதவுக்கு நேரே நிறுத்துவாள். சுதன் வந்தால் முதலில் ஆசுப்பத்திரிக்கு, அங்கே விரலை எது வெட்டியது என்று உள்ளபடி சொல்வதற்கு. மற்றதெல்லாம் பிறகு.

கமெராவை வீட்டில் விட்டுவிட்டு, அந்தக் கதவு திறக்கிறதா என்று பார்த்துக்கொண்டு நான் நிற்பேன்.