டிவிஷனிலிருந்து செக்‌ஷனுக்கு: அப்பா இறங்கினார்களா, ஏறினார்களா?

இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம். அப்பா எங்களை விட்டுப் போய் இன்றோடு ஓராண்டு நிறைகிறது. மூத்த மகள் என்பதால் அப்பாவின் வாழ்க்கையை நான்தான் எழுத வேண்டும் என்று வீட்டில் முடிவாயிற்று. சரி என்று தலையை ஆட்டிவிட்டேன். எழுத உட்கார்ந்த அன்றே ஒரு வரியில் மாட்டிக்கொண்டு முழித்தேன். அப்பா இருபத்து நான்கு ஆண்டுகள் இராணுவத்தில், காலாட்படையில் இருந்தார்கள். அங்கே என்னவாக இருந்தார்கள்? இந்த ஒரு கேள்விக்கு எங்கள் வீட்டில் ஒருவருக்கும் நேரான பதில் தெரியாது. தெரியாததால் ஒரு பெரிய தப்பு நடந்துவிட்டது. அதைச் சொல்லாமல் இந்த மலரை முடிக்க எனக்கு மனமில்லை.

அப்பா பிறந்தது விக்கிரமசிங்கபுரத்தில். தாத்தா நூல் மில்லில் ஷிப்டு வேலை பார்த்தார்கள். தெருவில் பாதிப் பேர் மில்லுக்குப் போகிறவர்கள், மீதிப் பேர் மில்லில் வேலை கிடைக்குமா என்று காத்திருப்பவர்கள். அப்பாவுக்குக் காத்திருக்கப் பொறுமையில்லை. விடிவதற்கு முன்னால் எழுந்து கால்வாய்க் கரையில் ஓடிப் பழகி, பட்டாளத்துக்கு ஆளெடுத்தபோது முதல் தடவையிலேயே தேறிவிட்டார்கள்.

பயிற்சி முடிந்து சில மாதங்களில் அப்பாவை ஒரு டிவிஷன் தலைமையகத்தில் போட்டார்கள். டிவிஷன் என்றால் என்ன என்று ஊரில் யாருக்குத் தெரியும்? பெரியது என்று மட்டும் தெரியும். பெண் பார்க்க வந்தபோது அம்மாவின் அண்ணன், எங்கள் பெரிய மாமா, “மாப்பிள்ளைக்கு எங்கன வேலை?” என்று கேட்டிருக்கிறார்கள். “டிவிஷன் தலைமையகத்துல” என்றார்களாம் தாத்தா. அப்பா பக்கத்திலேயே தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தார்களாம். மாமா அதே மில்லில் மேஸ்திரி. மறுநாள் மில் முழுக்கச் செய்தி பரவிவிட்டது.

கல்யாணமும் நடந்தது. குழப்பம் அதற்குப் பிறகுதான் ஆரம்பம்.

அப்பா விடுமுறைக்கு வரும்போதெல்லாம் இடம் மாறியிருந்தது. டிவிஷனை விட்டு பிரிகேடுக்கு வந்தார்கள். சில வருடம் கழித்துப் பட்டாலியன். பிறகு கம்பெனி என்றார்கள், பிளட்டூன் என்றார்கள், கடைசியில் செக்‌ஷன் என்று ஒன்று வந்தது. அதில் மொத்தமே பத்துப் பேர்.

மாமாவின் அளவுகோல் மில்லின் அளவுகோல். பெரிய ஆபீசில் இருந்தவனை டிபார்ட்மெண்டுக்குத் தள்ளி, டிபார்ட்மெண்டிலிருந்து ஒரே ஒரு மெஷினுக்குத் தள்ளினால், அவன் என்னமோ செய்துவிட்டான் என்றுதான் மில்லில் பேசுவார்கள். மாமா எங்கள் வீட்டுக்கு வந்து அம்மாவிடம் விரலை மடக்கிக் காட்டினார்கள்.

“டிவிஷன்ல இருந்தாரு. பிரிகேடுக்கு எறக்குனான். பட்டாலியனுக்கு எறக்குனான். இப்போ பத்துப் பேரோட கொண்டு போட்டுட்டான். அடுத்தாப்ல எங்கன எறக்குவான்? வீட்லதான்!”

“சட்டைக் கையில பட்டை மூணு ஆயிருக்கே அண்ணே?” என்றார்கள் அம்மா.

“பட்டைக்கு என்னட்டி, வருசம் ஆனா எல்லாவனுக்கும் ஒட்டுவான்.”

பள்ளிக்கூடத்தில் என் தோழிகள் கேட்டபோது நான் டிவிஷன் என்றே சொல்லிக்கொண்டிருந்தேன்.

அப்பா விளக்காமல் இல்லை. ஒருமுறை தினக்காலண்டர் தாளின் பின்பக்கத்தில் எனக்குக் கட்டம் கட்டமாகப் போட்டுக் காட்டினார்கள். மூன்று செக்‌ஷன் சேர்ந்தால் ஒரு பிளட்டூன். மூன்று பிளட்டூன் ஒரு கம்பெனி. நான்கு கம்பெனியோடு இன்னும் சில ஆட்களும் சேர்ந்தால் பட்டாலியன். மூன்று பட்டாலியன் ஒரு பிரிகேடு. மூன்று பிரிகேடு ஒரு டிவிஷன். “எல்லாம் மூணு மூணா வருது, நடுவுல மட்டும் எதுக்குப்பா நாலு?” என்று கேட்டேன். “நீ பட்டாளத்துல சேந்து ஜெனரல்ட்ட கேளு” என்று சிரித்துவிட்டார்கள். இன்றைக்கும் பிரிகேடு பெரியதா பட்டாலியன் பெரியதா என்று கேட்டால் நான் விரலை மடக்கித்தான் சொல்ல வேண்டும்.

அந்தத் தாளை மாமாவிடம் காட்டச் சொன்னேன். “மச்சானுக்குக் காலம் வந்தா தெரியும்” என்று அப்பா மடித்து வைத்துவிட்டார்கள். எனக்கு ஆத்திரமாக வந்தது. ஒரு மனிதர் தன்னைப் பற்றி ஊர் பேசுவதைக் கேட்டுக்கொண்டு இப்படியா சும்மா இருப்பார்?

இன்னொரு விஷயமும் அப்பாவுக்கு எதிராகப் போனது. எந்தக் கல்யாண வீட்டுக்குப் போனாலும் அப்பா முதல் பந்தியில் உட்கார மாட்டார்கள். தண்ணீர் ஊற்றுவார்கள், அப்பளம் போடுவார்கள், இலையை எடுப்பார்கள். “எல்லாரும் சாப்பிட்டாச்சா?” என்று நாலு பேரிடம் விசாரித்துவிட்டுக் கடைசிப் பந்தியில்தான் உட்காருவார்கள். மாமா அதையும் பார்த்தார்கள். “ஊரு முகத்துல முழிக்கக் கூச்சம். அதான் ஒதுங்கி ஒதுங்கிப் போறாரு” என்று சித்தியிடம் சொன்னது என் காதில் விழுந்தது. என் சடங்கிலும் அப்பா கடைசிப் பந்தியில் உட்கார, அதன் பிறகு மாமா அப்பாவோடு பேசுவதையே நிறுத்திவிட்டார்கள். வருவார்கள், அம்மாவிடம் பேசுவார்கள், போய்விடுவார்கள். பத்து வருடத்துக்கு மேல், அப்பா போகும் வரை, அப்படியே ஓடிவிட்டது.

அம்மாவே ஒருநாள் கேட்டுவிட்டார்கள், “அங்கன எதுவும் தப்புத்தண்டா ஆயிப்போச்சா? எங்கிட்ட மட்டுமாவது சொல்லுங்களேன்” என்று. அப்பா “ஒண்ணும் ஆகல” என்றார்கள். அதோடு எழுந்து செடிக்குத் தண்ணீர் விடப் போய்விட்டார்கள். அம்மா அதை நம்பினார்களா என்று எனக்குத் தெரியாது. நான் பாதிதான் நம்பினேன். அதை இங்கே எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன்.

ஓய்வு பெற்று வந்த அப்பா கங்கைகொண்டான் தொழிற்பேட்டையில் ஒரு தொழிற்சாலை வாசலில் காவல் வேலை பார்த்தார்கள். எங்களைப் படிக்க வைத்துக் கட்டிக்கொடுத்தார்கள். போன வருடம் மூச்சுத் திணறல் என்று பாளையங்கோட்டை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். பதினொரு நாள் இருந்தார்கள். கடைசி இரண்டு நாள் சரியாகப் பேச்சு இல்லை. அதற்கு முந்தின நாள் வரை, பக்கத்துக் கட்டில்காரருக்குச் சாப்பாடு வந்ததா என்று நர்ஸம்மாவிடம் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

அப்பா போனதும் ஓடி வந்து நின்றது மாமாதான். கண்ணீர் அஞ்சலி பேனரும் மாமாவே அடிக்கக் கொடுத்தார்கள். செத்த பிறகாவது மாப்பிள்ளையின் மானத்தைக் காப்பாற்ற வேண்டும் என்று நினைத்தார்கள் போலும், ‘இராணுவ டிவிஷன் அதிகாரி’ என்று பெரிய எழுத்தில் போட்டுவிட்டார்கள். அதைப் பார்த்தபோது எனக்கு நிம்மதியாகக்கூட இருந்தது.

பதினாறாம் நாள் விசேஷத்துக்கு அப்பாவோடு வேலை பார்த்தவர்கள் சிலர் வந்தார்கள். அதில் ஒருவர் சேரன்மகாதேவிக்காரர். பந்தலுக்கு வெளியே பேனர் முன்னால் நின்று வாசித்தவர் திடுக்கிட்டுப் போனார்.

“யாருவே இதை எழுதுனது?”

“நான்தான். என்ன இப்போ?” என்றார்கள் மாமா.

“டிவிஷன்ல எங்க அண்ணாச்சி ஆபீசர் மெஸ்ஸுல தட்டு எடுத்தாவ. புதுச் சிப்பாய். அவியளே எங்ககிட்டச் சொல்லிச் சிரிப்பாவ.”

மாமா அவரைச் சண்டைக்கு இழுப்பார்களோ என்று பயந்து அம்மா பக்கத்தில் வந்து நின்றார்கள். மாமா சண்டை போடவில்லை. “தட்டா?” என்று மட்டும் கேட்டார்கள்.

பந்தலுக்குள் இலை போட ஆரம்பித்திருந்தார்கள். சேரன்மகாதேவிக்காரர் மாமாவைக் கைப்பிடித்து உள்ளே கூட்டிப்போனார்.

“இந்தா ஒரு வரிசை, பத்து இலை. இதுதான் செக்‌ஷன்னு வச்சுக்கிடுங்க. இந்த மூணு வரிசை பிளட்டூன். இந்தப் பந்தல் நெறைய உக்காந்தா ஒரு கம்பெனி. இந்தத் தெரு முழுக்க உக்காந்தா பட்டாலியன். டிவிஷன்னா ஒரு ஊரே உக்காந்து சாப்பிடணும். ஊரு பெருசுதான், அதுக்காவ ஊருல இருக்கவன் எல்லாம் பெரியவனா? அங்கன ஜெனரலும் இருப்பாரு, அவருக்குத் தட்டு வைக்கவனும் இருப்பான்.”

“அப்போ எறக்கலையா?”

“எங்கன எறக்குனான்? ஏறுனாவ! சிப்பாயா டிவிஷன்ல தட்டு எடுத்தாவ. லான்ஸ் நாயக்கா பிரிகேடுல காவல் நின்னாவ. நாயக் ஆகிப் பட்டாலியனுக்கு வந்தாவ. ஹவில்தார் ஆன பெறகுதான் செக்‌ஷனைக் கையில குடுத்தான். பத்து உசிரு, அண்ணாச்சி. டிவிஷன்ல உள்ள ஜெனரலுக்கு என் பேரு தெரியுமா? இவியளுக்கு எங்க அம்மை பேரு, எந்தங்கச்சி பேரு எல்லாம் தெரியும்.”

பிறகு அவர் சொன்னதை நான் அப்படியே எழுதுகிறேன்.

“பனி மலையில ரோந்து போயித் திரும்புதோம். மூடுபனி, முன்னால போறவன் முதுகு தெரியல. எங்க அண்ணாச்சி நின்னு நின்னு எண்ணிக்கிட்டே வருவாவ. ஒரு எடத்துல ஒம்போதுதான் வந்துச்சு. மறுபடி எண்ணுனாவ, ஒம்போதுதான். நான் கால் சறுக்கிக் கீழ ஒரு பாறையில கெடக்கேன், கத்துதேன், யாருக்கும் கேக்கல. மத்தவியளை அங்கனயே உக்கார வச்சுட்டு ஒத்தையா எறங்கி வந்து, ‘ஏலே, உசிரோட கெடக்கியா?’ன்னாவ. முதுகுல தூக்கிட்டுப் போனாவ. அந்தக் காவல் போஸ்டுல இருந்து பத்துப் பேரும் வீட்டுக்குத் திரும்புனோம்.”

மாமா குனிந்து ஓர் இலையை நேராக இழுத்துவிட்டார்கள்.

“அதென்ன எப்பப் பாத்தாலும் கடைசிப் பந்தி?” என்றார்கள்.

“ஆளுவ சாப்பிட்ட பெறகுதான் செக்‌ஷன் கமாண்டர் சாப்பிடணும். எங்களுக்கு அதான் வழக்கம். உங்களுக்குத் தெரியாதா?”

எங்களுக்குத் தெரியாது. ஒரே வீட்டில் இருந்தோம், ஒருவருக்கும் தெரியாது. அன்று நான் அழுதது அப்பா போனதற்கு மட்டுமில்லை.

ஒன்று மட்டும் எனக்கு இன்னும் பிடிபடவில்லை. அப்பா ஏன் இதை மாமாவிடம் சொல்லவில்லை? அம்மா சொல்கிறார்கள், “பொண்ணு பாக்கையில டிவிஷன்னு சொல்லும்போது பேசாம இருந்துட்டாவ. பெறகு தட்டு எடுத்த கதைய எந்த மூஞ்சியோட எங்க அண்ணன்ட்டச் சொல்லுவாவ?” இருக்கலாம். ஏறினேன் என்று சொல்ல வேண்டுமானால், எங்கேயிருந்து ஏறினேன் என்பதையும் சொல்லத்தானே வேண்டும்? ஒரு நாள் பேசாமல் இருந்ததற்காகப் பத்து வருடம் பேச்சை இழந்த அப்பா மேல் கோபப்படுவதா, அவரை நினைத்துச் சிரிப்பதா என்று தெரியாமல்தான் இந்த ஒரு வருடமும் போயிருக்கிறது.

இந்த மலரில் அப்பாவின் படத்துக்குக் கீழே ‘செக்‌ஷன் கமாண்டர்’ என்று மட்டும் இருக்கும். அப்படித்தான் போட வேண்டும் என்று சொன்னதும், அச்சகத்தில் நின்று எழுத்து சரிபார்த்ததும் மாமாதான்.

பாளையங்கோட்டையில் அப்பாவைக் கண்ணும் கருத்துமாகப் பார்த்துக்கொண்ட டாக்டருக்கும் நர்ஸம்மாக்களுக்கும், வீட்டுச் சாவியை வாங்கிவைத்து எங்களைக் கவலையில்லாமல் ஆஸ்பத்திரியில் இருக்க விட்ட தெருக்காரர்களுக்கும், தோளில் சுமந்த கங்கைகொண்டான் நண்பர்களுக்கும், தூரம் பார்க்காமல் வந்த அப்பாவின் செக்‌ஷன் ஆட்களுக்கும் எங்கள் நன்றி. மாமாவுக்கும் நன்றி என்று எழுதினால் கோபித்துக்கொள்வார்கள். அதனால் அந்தப் பதினாறாம் நாள் அவர்கள் செய்ததை மட்டும் சொல்லி முடிக்கிறேன்.

முதல் பந்தியில் உட்காரச் சொல்லிக் கூப்பிட்டோம், மாமா வரவில்லை. பேனரைக் கழற்றிச் சுருட்டி வைத்துவிட்டு வந்து, தண்ணீர் ஊற்றினார்கள். எழுபத்தி நாலு வயதில் குனிந்து குனிந்து இலை எடுத்தார்கள். கடைசிப் பந்திக்கு இலை போட்டதும் பந்தலின் ஒரு முனையிலிருந்து மறு முனை வரை நடந்து பார்த்தார்கள். அடுப்படிக்குப் போனார்கள், வாசலுக்குப் போனார்கள். “எல்லாரும் சாப்பிட்டாச்சா?” என்று கேட்டார்கள். ஆச்சு என்று அம்மா சொன்ன பிறகுதான் உட்கார்ந்தார்கள்.